தேதியில் இருக்கிறது சாதி

(தலித் ஊழியர் கூட்டமொன்றில் பேசியதின் எழுத்து வடிவம்)



என்னைக் கவிதை வாசிக்கத்தான் கூப்பிட்டார்கள். கவிதை இன்னொரு நாளைக்கு இருக்கட்டும். பணிமூப்புப் பட்டியலைப் பற்றிக் கொஞ்சம் பேசிவிடுகிறேன்.

வரிசை எண், பெயர், சேர்ந்த தேதி, கல்வித் தகுதி, பயிற்சி முடித்த தேதி. பட்டியலில் இவ்வளவுதான். "இதுல சாதி எங்கப்பா இருக்கு?" என்று எங்கள் மேலாளர் கேட்டார். "தேதியில இருக்கு சார்" என்றேன். அவருக்கு விளங்கவில்லை. உங்களுக்கு விளங்கும்.

1904-ல் வெள்ளைக்காரன் கூட்டுறவுச் சட்டம் கொண்டுவந்தான். வட்டிக்காரன் பிடியிலிருந்து விவசாயியை மீட்கப் போகிறோம் என்றான். கடன் நிலத்தைப் பார்த்துத்தான் கொடுத்தார்கள். நிலம் உள்ளவன் உறுப்பினன் ஆனான், உறுப்பினர்கள் ஓட்டுப் போட்டு நிர்வாகக் குழு வந்தது, வேலை போட்டுக் கொடுக்கிற அதிகாரம் குழுத் தலைவர் கைக்குப் போனது. தலைவருக்கு மச்சான் இருப்பான். மச்சானுக்கு ஒரு தம்பி இருப்பான். சேரியில் கூலிக்குப் போகிறவனுக்குச் சிட்டாவும் அடங்கலும் ஏது? ஆக நிலம் யாரிடமோ, வேலை அவன் வீட்டில். அந்த வேலையின் தேதியைத்தான் இன்றைக்கு 'மூப்பு' என்று நமக்கு முன்னால் வைக்கிறார்கள்.

ஆதாரம் கேட்பார்கள். 9.7.1980 முதல் 11.3.2001 வரை வேலைவாய்ப்பு அலுவலகத்தைக் கேட்காமலே கூட்டுறவுச் சங்கங்கள் எடுத்த ஆட்களை நிரந்தரமாக்க, 12.3.2001-ல் தமிழக அரசு அரசாணை 86-ஐப் போட்டது. இருபது வருஷத்துக்கு மேல்! அந்த வருஷங்களில் கார்டைப் புதுப்பித்துப் புதுப்பித்து அலுவலக வாசலில் நின்றவர்கள் யார் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. 2004-ல் உமாராணி வழக்கில், சட்டத்தையும் விதியையும் மீறி எடுத்த ஆட்களை நிரந்தரம் செய்வது ஆளெடுக்கும் முறை ஆகாது என்று உச்சநீதிமன்றம் சொன்னது.

அந்தத் தீர்ப்பை என்னால் முழுசாகக் கொண்டாட முடியவில்லை. கொல்லைப்புறமாக வந்தவர்களில் தலைவரின் மச்சான் மட்டுமா இருந்தான்? தினக்கூலிக்கு ராத்திரிக் காவல் பார்த்த நம்ம ஆளும், பெருக்கிக் கூட்டிய நம்ம அம்மாவும் இருந்தார்கள். விதி பேசும்போது முதலில் அடிபடுவது அவர்கள்தான். மச்சானுக்கு வக்கீல் வைக்க வசதி உண்டு.

சரி, இப்போது தேர்வு எழுதித்தானே வருகிறோம்? நானும் பட்டம் பெற்று, எழுத்துத் தேர்வு எழுதித்தான் வந்தேன். வந்தவுடன் 'தகுதி' என்று இன்னொரு கதவு. தகுதிகாண் பருவத்துக்குள் கூட்டுறவுப் பயிற்சிச் சான்றிதழ் கொண்டுவர வேண்டும். பயிற்சிக்குப் போக அலுவலகம் அனுமதிக்க வேண்டும். இரண்டு வருஷம் மனுக் கொடுத்தேன். "கிளையில் ஆள் இல்லை" என்ற ஒரே பதில். எனக்கு நாலு மாதம் பின்னால் சேர்ந்தவன் முதலில் போனான், சான்றிதழ் வாங்கினான், தகுதிகாண் பருவமும் முடித்தான். பட்டியலில் இன்று அவன் எனக்கு மேலே. கேட்டால், "உங்களுக்குத் தகுதி வந்தது லேட்டு" என்கிறார்கள். வந்தது லேட்டா, விட்டது லேட்டா? எந்த வங்கி என்று சொல்லப் போவதில்லை. தலையாட்டுகிறவர்களைப் பார்த்தால் எல்லா வங்கியும் அதுதான் போலிருக்கிறது.

அரசமைப்புச் சட்டம் இருக்கிறதே என்று ஒரு தோழர் கேட்டார். 1995-ல் 77-ஆவது திருத்தம் வந்தது. பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் பதவி உயர்விலும் இடஒதுக்கீடு செய்ய அது வழிவிட்டது. உடனே கோர்ட் ஒரு கணக்குச் சொன்னது: இடஒதுக்கீட்டில் முன்னால் போனவனை, பின்னால் பதவி உயர்ந்து வருகிற பொதுப்பிரிவுக்காரர் மறுபடி முந்திக்கொள்ளலாம். அதை மாற்ற 2001-ல் 85-ஆவது திருத்தம் தேவைப்பட்டது. அப்போதும் 'செய்யலாம்' என்கிற அனுமதிதான், 'செய்தாக வேண்டும்' என்று இல்லை. நம் வாசலுக்கு அதுவும் வந்து சேரவில்லை. 2006-ல் சென்னை உயர்நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் மாரப்பன் வழக்கில், கூட்டுறவுச் சங்கம் பொதுவாக அரசமைப்புச் சட்டம் சொல்கிற 'அரசு' ஆகாது என்றார்கள். பதிவாளர் அரசாங்கத்து ஆள். தனி அலுவலர் அரசாங்கத்து ஆள். தணிக்கைக்கு வருகிறவரும் அரசாங்கத்து ஆள். சங்கம் மட்டும் அரசு இல்லையாம்! ஆனால் சட்டமும் விதியும் சங்கத்தின்மேல் சுமத்திய கடமையை மீறினால் ரிட் போடலாம் என்று அதே தீர்ப்பில் இருக்கிறது. நமக்கு வேண்டியது அந்த வரி.

அதற்குத் தாள் வேண்டும். பயிற்சிக்கு மனுக் கொடுக்கும்போது நகலில் கையெழுத்தும் முத்திரையும் வாங்கியிருக்கிறீர்களா? பணிப்பதிவேட்டில் உங்கள் பக்கத்தை ஒரு தடவையாவது பார்த்திருக்கிறீர்களா? நம்மாளுகள் வாயால் கேட்டுவிட்டுத் திரும்பி வந்துவிடுகிறோம். நானும் முதல் மனுவுக்கு நகல் வைக்கவில்லை, இரண்டாவதிலிருந்து வைத்திருக்கிறேன். வரைவுப் பட்டியல் ஒட்டியதும் ஆட்சேபணைக்குக் குறித்த நாளுக்குள் எழுத்தில் கொடுக்க வேண்டும். தனித்தனியாகப் போனால் கூப்பிட்டு உட்கார வைத்துச் சமாதானம் பேசுவார்கள், ஆகவே ஒரே நாளில் எல்லோரும் கொடுப்போம். நகல் வைத்திருப்பவர்கள் டீ குடிக்கும்போது என்னிடம் பெயர் கொடுங்கள். இல்லாதவர்களும் கொடுங்கள், மனு போட்ட மாதத்தையாவது எழுதிக்கொள்கிறேன்.