உழைச்செல்வான்



உடல் நிலையற்றது என்று பாடாத காலம் தமிழில் இல்லை. பட்டினத்தார் உடலை இகழ்ந்தார். திருமூலர் அதனையே இறைவன் உறையும் கோயிலாகக் கண்டார். இகழ்ச்சியாயினும் போற்றுதலாயினும், இரண்டிலும் உடல் தத்துவப் பொருளாகவே நிற்கிறது. நோயுற்றவருக்கு வெந்நீர் வைத்துக் கொடுப்பவர் யார் என்னும் வினா அங்கே எழுவதில்லை.

அவ்வினாவுக்கு இடமளித்தவர் வள்ளுவர். மருந்து அதிகாரத்தின் இறுதிக் குறளில் மருத்துவத்தை நான்கு கூறாக வகுக்கிறார்: நோயுற்றவன், தீர்க்கும் மருத்துவன், மருந்து, உழைச்செல்வான். உழை என்பது பக்கம். பக்கத்திலிருந்து பேணுபவனும் மருத்துவத்தின் ஓர் உறுப்பே என்பது அவர் துணிபு.

அந்த நான்காமவனைக் கதையின் நடுவில் நிறுத்தியவர் புதுமைப்பித்தன். ‘செல்லம்மாள்’ கதையின் பிரமநாயகம் பிள்ளை சென்னையில் ஒரு ஜவுளிக்கடைச் சிப்பந்தி. வீட்டில் நோயாளி மனைவி. கடைக்கும் நோயாளிக்குமாகப் பங்கிடப்பட்ட வாழ்க்கை. அவள் மூச்சு அடங்கியபோது அவர் கதறி அழவில்லை. செய்ய வேண்டியவற்றைச் செய்கிறார். நெடுநாள் பேணியவரின் களைப்பையும் அன்பையும் பிரிக்கவியலாதவாறு அக்கதை காட்டுகிறது. அதனைப் படைத்தவரும் காசநோய்க்கு 1948இல் இரையானார்.

இனி நம் மண்ணுக்கு வருவோம். சாயம் கலந்த நொய்யலின் துயரைச் சுப்ரபாரதிமணியன் 1998இல் வெளிவந்த ‘சாயத்திரை’ நாவலில் எழுதினார். ஆற்றின் நோய் இலக்கியமாயிற்று. வீட்டின் நோய்?

நூற்பாலைப் பஞ்சுத் தூசியால் வருவது பிசினோசிஸ். வார விடுமுறை கழிந்து வேலைக்குத் திரும்பும் முதல் நாளில் நெஞ்சு இறுகுவது அதன் தொடக்கக் குறி. ஓய்வு நாளில் நலமாயிருந்தவர் மறுநாள் மாலை மூச்சுக்குத் தவிக்கிறார். இரவெல்லாம் அவர் முதுகை நீவிவிடும் மனைவி, காலையில் பனியன் கம்பெனிக்குச் சென்றாக வேண்டும். பீஸ் ரேட்டில் தைப்பவள் ஒரு நாள் நோயாளியின் அருகில் இருந்தால், சனிக்கிழமைச் சம்பளத்தில் அந்நாள் இராது. அன்புக்கு இங்கே ஒரு விலை உண்டு. அதனை அவளே செலுத்துகிறாள்.

முதலிபாளையத்துக் கவிஞர்களே! நம் புதுக்கவிதைகளில் மரணம் பெரும்பாலும் உதிர்ந்த இலையாகவும் அணைந்த விளக்காகவும் வந்து போகிறது. இலைக்கு யாரும் கஞ்சி ஊட்டுவதில்லை. நோயைப் பாடும்போது, அவ்வறையில் விழித்திருக்கும் இன்னொருவரையும் பாடுங்கள். வள்ளுவர் எண்ணிய நான்கில் நாம் இதுவரை விட்டது அந்த ஒருவரைத்தான்.