வீட்டுப் பட்டியலும் மெய்ம்மையும்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)

 

இவ்விழாவில் உரையாற்றுமாறு செயலாளர் அவர்கள் பணித்தபோது நாம் சற்றே தயங்கினோம். பத்தாம் வகுப்போடு பள்ளிப் படிப்பை முடித்துக்கொண்டு, ரயில்வேயில் எழுத்தராய்ப் பதிவேடுகளோடு காலங்கழித்து வருகிறோம். இலக்கியம் பேசும் அறிஞர் நிறைந்த இவ்வவையில் நாம் எதைப் பேசுவது? எனினும், பிழைப்பை நாடி ஊர்விட்டு வந்த அனைவர்க்கும் பொதுவான கேள்வி ஒன்று உண்டு. 'குடியிருக்க வீடு எங்கே?' என்பதே அது. அக்கேள்வியையே மூலதனமாகக் கொண்டு வளர்ந்த ஒரு நிறுவனத்தின் வரலாற்றையும், அதிலிருந்து நம் சங்கம் கொள்ளத்தக்க ஒரு பாடத்தையும் இன்று சொல்ல விழைகிறோம்.

நாம் மாறுதல் பெற்றுத் திருவனந்தபுரம் வந்து சேர்ந்தது 2004ஆம் ஆண்டில். தம்பானூர் நிலையத்தில் பெட்டி படுக்கையுடன் இறங்கியபோது இந்நகரில் நமக்கு அறிமுகமானவர் ஒருவரும் இல்லை. செய்தித்தாளில் வாடகை வீட்டு விளம்பரங்கள் வந்தன. ஆயின் மலையாள எழுத்து அன்று நமக்குத் தெரியாது. ஒரு தரகரை அணுகினோம். அவருடைய சட்டைப் பையில் இருந்த சிறு குறிப்பேடுதான் நமக்கு இந்நகரின் வீட்டுப் பட்டியல். அதைப் பிரித்து நாம் பார்க்க இயலாது. அவர் காட்டியதையே காண வேண்டும். ஒரு மாத வாடகையைத் தரகாகக் கேட்டார். காட்டிய மூன்று வீடுகளும் பொருந்தவில்லை. முடிவில் நமக்குக் கரமனையில் வீடு கிடைத்தது இச்சங்கத்து அன்பர் ஒருவர் வாயிலாகத்தான். அந்நன்றியை இன்றும் நாம் மறந்திலோம்.

அந்தத் தரகரின் குறிப்பேட்டை ஊரறிய விரித்து வைத்தால் என்ன? அதைத்தான் இணையதள நிறுவனங்கள் செய்தன. அவற்றுள் மூத்தவற்றில் ஒன்று '99ஏக்கர்ஸ்'. தில்லிக்கு அருகே நொய்டாவில் உள்ள இன்ஃபோ எட்ஜ் என்னும் நிறுவனம் அதனை 2005ஆம் ஆண்டில் தொடங்கியது. அந்நிறுவனத்தை நிறுவிய சஞ்சீவ் பிக்சந்தானி என்பார், ஹார்லிக்ஸ் சந்தைப்படுத்தல் துறையில் பணியாற்றியவர். அலுவலகத்துக்கு வரும் சஞ்சிகையை அவருடைய தோழர்கள் பின்பக்கத்திலிருந்தே புரட்டுவார்களாம். அங்கேதான் வேலை விளம்பரங்கள் இருந்தன. வேலை தேடாதவரும் அவற்றை விடாது படித்தனர். விளம்பரமும் ஒரு செய்திதான் என்பது அவர் கண்ட உண்மை. நம் நாட்டில் பொதுமக்களுக்கு இணையத் தொடர்பு கிடைத்தது 1995இல். அவர் 1997இலேயே 'நௌக்ரி' என்ற வேலைவாய்ப்புத் தளத்தைத் தொடங்கினார். எட்டு ஆண்டுகள் கழித்து அதே முறையை வீட்டுக்கும் மனைக்கும் பொருத்தியதன் விளைவே 99ஏக்கர்ஸ். 2006இல் இன்ஃபோ எட்ஜ் தன் பங்குகளைப் பொதுமக்களுக்கு விற்றுப் பங்குச் சந்தையில் இடம்பெற்றது. அதே ஆண்டில் டைம்ஸ் குழுமத்தின் 'மேஜிக்பிரிக்ஸ்' போட்டிக்கு எழுந்தது.

இந்நிறுவனங்கள் வளர்ந்த வகை யாது? சந்தையின் இயல்பே அதற்குக் காரணம். நம் சாலைக் கடைத்தெருவை எண்ணிப் பாருங்கள். கடைகள் பல இருப்பதால் மக்கள் வருகிறார்கள்; மக்கள் வருவதால் கடைகள் பெருகுகின்றன. அதுபோன்றே, வீடு தேடுவோர் கூடும் தளத்தில் வீட்டுக்காரர்கள் விளம்பரம் இடுகிறார்கள். விளம்பரம் மிகுந்த தளத்தைத் தேடுவோர் நாடுகிறார்கள். தேடுவோர் பார்ப்பதற்குக் காசு தரவேண்டியதில்லை. தம் விளம்பரம் முன்னால் தெரிய வேண்டும் என்று விரும்பும் தரகர்களும் கட்டுமான நிறுவனங்களும் தரும் கட்டணமே பெருவருவாய். ஆகவே தரகர் ஒழிந்து போகவில்லை. குறிப்பேட்டிலிருந்து திரைக்கு இடம் பெயர்ந்தார், அவ்வளவே.

இங்கே ஓர் இடர் தோன்றுகிறது. நாம் ரயில்வே ஊழியராதலின் நம் தொழிலைக் கொண்டே அதை விளக்குவோம். 2002 முதல் நம் பயணச்சீட்டை இணையத்திலும் பெறுகிறோம். உறுதி செய்யப்பட்ட ஒரு படுக்கை ஓர் ஆளின் பெயரில்தான் நிற்கும். அது எதனால்? பதிவேட்டை வைத்திருப்பதும் ரயில்வே. படுக்கைக்கு உரியதும் ரயில்வே. வீட்டுப் பட்டியலிலோ பதிவேடு ஒருவரிடம், வீடு மற்றொருவரிடம். ஒரே வீடு ஐந்து தரகர் பெயரில் ஐந்து விளம்பரமாக நிற்கும். வாடகைக்குப் போன வீடும் பட்டியலிலிருந்து நீங்காதிருக்கும். பட்டியல் நீள்வது எளிது. அது மெய்யாக இருப்பது அரிது.

இதனை அந்நிறுவனங்கள் உணராமல் இல்லை. 2012இல் மும்பை ஐ.ஐ.டி. மாணவர் பன்னிருவர், தாம் அறை தேடி அலைந்த துன்பத்தால் 'ஹவுசிங்' என்னும் தளத்தைத் தொடங்கினர். தம் ஆட்களை வீடுகளுக்கு அனுப்பிப் படமெடுத்து, நேரில் பார்த்த வீட்டையே பட்டியலில் ஏற்றுவதை அவர்கள் கொள்கையாகக் கொண்டனர். கொள்கை உயர்ந்தது, செலவோ பெரிது. வெளிநாட்டு மூலதனம் வந்து குவிந்தும், நிறுவனத்துள் பிணக்கு மூண்டு, 2015இல் தலைமைச் செயல் அலுவலர் நீக்கப்பட்டார். 2017இல் அது பிராப்டைகர் என்னும் மற்றொரு நிறுவனத்தோடு இணைந்தது. 2014இல் தோன்றிய 'நோபுரோக்கர்' வேறு வழி கண்டது. தரகரை விலக்கி, உரிமையாளரையும் குடிவருவோரையும் நேரே சேர்த்து, கட்டணத் திட்டங்களாலும் வீடு மாற்றுதல் முதலிய சேவைகளாலும் அது வருவாய் ஈட்டியது. 2021 நவம்பரில் அதன் மதிப்பு நூறு கோடி டாலர் எனக் கணிக்கப்பட்டது.

இவ்வளவையும் நாம் தேடிப் படித்ததற்கு நம் குடும்பத்தில் நேர்ந்த ஒரு துயரே காரணம். நம் தமக்கையாரின் மகனுக்குக் கழக்கூட்டத்தில், டெக்னோபார்க்கில் வேலை கிடைத்தது. 'மாமாவுக்கு ஏன் சிரமம்?' என்று எண்ணித் திருநெல்வேலியிலிருந்தே செல்பேசியில் வீடு தேடினான். நல்ல வீடு, குறைந்த வாடகை, அழகிய படங்கள். உரிமையாளர் என்று பேசியவர், தாம் வடநாட்டில் பணிபுரியும் இராணுவ வீரர் என்றும், முன்பணம் அனுப்பினால் சாவி கிடைக்கும் என்றும் சொன்னார். இருபத்திரண்டாயிரம் ரூபாய் அனுப்பினான். அது அவன் தாய் சீட்டுக் கட்டிச் சேர்த்த பணம். வந்து பார்த்தால் அவ்வீட்டில் வேறொரு குடும்பம் பல்லாண்டுகளாக வாழ்கிறது! நம் வீட்டுத் திண்ணையில் அமர்ந்து, "மாமா, படம் இருந்ததே!" என்று அவன் சொன்ன சொல் இன்னும் நம் செவியில் ஒலிக்கிறது. 1930 என்னும் இணையக் குற்ற உதவி எண்ணுக்கு உடனே பேசியிருந்தால் ஒருவேளை பணத்தைத் தடுத்து நிறுத்தியிருக்கலாம். வெட்கத்தால் அவன் மூன்று நாள் வாய் திறக்கவில்லை. பணம் திரும்பவில்லை.

சட்டம் காக்காதோ எனக் கேட்பீர்கள். 2016ஆம் ஆண்டின் ரியல் எஸ்டேட் சட்டம் விற்பனைத் துறைக்கு நல்ல வேலி. பதிவுக்குரிய திட்டத்தைப் பதிவு செய்யாமல் விளம்பரப்படுத்தலாகாது. அதில் வீடு விற்றுத் தரும் தரகரும் பதிவு பெற வேண்டும். கேரளத்துக்கான ஒழுங்குமுறை ஆணையம் இந்நகரிலேயே உள்ளது. வீடு வாங்குவோர் பதிவு எண்ணைக் கேட்டுச் சரிபார்த்துக்கொள்க. ஆயின் அச்சட்டம் வாடகை வீட்டை எட்டாது. புதிதாய் வரும் ஏழை எளியவர் தேடுவதோ வாடகை வீட்டைத்தான்.

அன்பர்களே! நாம் இணையதளத்தைப் பழிக்க இங்கு வரவில்லை. மொழி அறியாத ஊரில் வாடகை நிலவரத்தை வீட்டிலிருந்தே அறிய முடிவது பெரும்பேறு. 2004இல் அத்தகைய வசதி இருந்திருந்தால் நாம் அந்தக் குறிப்பேட்டுக்குக் கைகட்டி நின்றிருக்க மாட்டோம். ஆனால் கோடிக்கணக்கில் மூலதனம் இட்ட நிறுவனத்துக்கும் கடினமான வேலை ஒன்று இருக்கிறது. வீட்டின் முன் சென்று நின்று, கதவைத் தட்டி, 'இது உங்கள் வீடுதானா? வாடகைக்கு விடுகிறீர்களா?' என்று கேட்பதே அது. அவ்வேலை நம்மால் இயலும். கரமனையில் நம்மவர் உளர். கோட்டையிலும் வலியசாலையிலும் கழக்கூட்டத்திலும் உளர்.

ஆகவே ஒரு வேண்டுகோள். பகுதிக்கு இருவராகச் சங்கம் அன்பர்களைத் தேர்ந்து, ஒரு பதிவேடு தொடங்கட்டும். தமிழகத்திலிருந்து வரும் எவரும் இணையத்தில் கண்ட வீட்டின் முகவரியை அனுப்பினால், அப்பகுதி அன்பர் நேரில் பார்த்து உண்மையைச் சொல்லட்டும். அதுவரை ஒரு ரூபாயும் அனுப்ப வேண்டாம் என்று நம் பிள்ளைகளுக்குச் சொல்லுவோம். இதற்குக் கட்டணம் வேண்டாம். பதிவேடு எழுதும் பொறுப்பை நாமே ஏற்கிறோம். அது ஒன்றே நாம் நன்கு அறிந்த தொழில். கரமனைப் பகுதிக்கு நம் தமக்கையார் மகன் முதல் ஆளாகத் தன் பெயரைக் கொடுத்துள்ளான்.

அன்று ஓர் அன்பர் நமக்குச் செய்த உதவியை, இனி வருவோர்க்கு நாம் செய்வதே அந்நன்றியைச் செலுத்தும் முறையாகும். 

வாழ்க தமிழ்! வளர்க நம் சங்கம்!