மலையாளத் திரையின் முதல் முகம்

(இரணியலில் ஆற்றிய உரை)



1956 நவம்பர் முதல் நாளில் கல்குளம், அகத்தீசுவரம், தோவாளை, விளவங்கோடு வட்டங்கள் தமிழகத்தோடு இணைந்தன. கல்குளம் வட்டத்து இரணியலுக்கு அது திருநாள். ஆனால், அன்று வகுத்த எல்லைக்கோடே அகத்தீசுவரத்துக் கலைஞர் ஒருவருக்குப் பின்னாளில் தடைக்கோடாயிற்று. அவரே யோசேப்பு செல்லையா தானியேல்.

தமிழ்க் குடும்பத்தில் தோன்றிய தானியேல் மறக்கலைகளில் நாட்டமுடையவர். அவற்றைத் திரையில் காட்ட விழைந்து திரைத்தொழில் கற்றார். குடும்ப நிலத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் படப்பிடிப்பகம் நிறுவினார். அங்கே எடுத்த ‘விகதகுமாரன்’ என்னும் பேசாப்படமே மலையாள நாட்டின் முதற்படம். கதை, இயக்கம், ஒளிப்பதிவு ஆகியவற்றோடு நாயகன் வேடமும் அவரே தாங்கினார்.

இந்திய மண்ணில் 1913-இல் பால்கே எடுத்த ‘அரிச்சந்திரா’ படத்தில் பெண்வேடத்தையும் ஆடவரே புனைந்தனர். நடிக்கப் பெண்டிர் முன்வராத காலம் அது. தானியேலோ புல்லறுத்துப் பிழைத்த, காக்காரிசி நாடகம் ஆடிய உரோசி என்னும் பெண்ணை நாயகியாக்கினார். ஒடுக்கப்பட்ட குலத்தில் பிறந்த அவர், படத்தில் நாயர் குலப் பெண்ணாக நடித்தார். 1930-இல் திருவனந்தபுரம் கேப்பிட்டல் அரங்கில் படம் திரையேறியபோது சாதிவெறியர் பொறுப்பாரா? திரைமீது கல்லெறிந்தனர். உரோசி ஊரைவிட்டே ஓடினார். நாகர்கோவிற் பக்கம் வந்து, நடித்த கதையையே மறைத்து வாழ்ந்து மறைந்தார் என்பர்.

பொருளிழந்த தானியேல் பல் மருத்துவராகப் பிழைத்தார். முதுமையில் அவருக்குக் கலைஞர் உதவித்தொகை கேட்கப்பட்டபோது, தமிழ்நாட்டில் வாழ்பவர் எனக் காட்டிக் கேரளத்தில் மறுத்தனர் என்று அவர் வரலாறு எழுதியோர் குறிப்பர். 1975-இல் அகத்தீசுவரத்தில் வறுமையிலேயே கண்மூடினார். 1992-இல் அதே கேரள அரசு அவர் பெயரால் உயரிய திரைவிருது நிறுவியது. படச்சுருளோ ஒன்றும் எஞ்சவில்லை. விகதகுமாரன் என்றால் காணாமற்போன மகன் என்பது பொருள். படமும் அவ்வாறே காணாமற்போயிற்று.

அவர்கள் மறந்தார்கள் என்று பழி கூறுதல் எளிது. தானியேல் கண்மூடிய மண்ணும், உரோசி ஒளிந்து வாழ்ந்த மண்ணும் நம்முடையவை அல்லவா? நம் பிள்ளைகளுள் எத்தனை பேர் இவ்விருவர் பெயரையும் அறிவர்? மொழியால் ஒன்றெனப் பேசிவிட்டுப் பிறப்பால் வேறுபடுத்தும் தமிழன், அன்று கல்லெறிந்தவனைப் பழிக்கும் தகுதி உடையனா?

நிலத்துக்கு எல்லையுண்டு, நன்றிக்கு இல்லை. குமரி மண்ணின் பள்ளிதோறும் இவ்விருவர் வரலாறும் சொல்லப்படுக! கலைஞரைச் சாதி கேளாது போற்றும் குமுகாயம் இங்கே மலர்க!

வாழ்க தமிழ்!