சேர்க்கைப் பதிவேட்டின் ஒரு வரி



பழங்குடியினர் சான்றிதழ் குறித்த வழக்குகளில் பெரிதும் எடைபோடப்படும் ஆவணம் எது தெரியுமா? நம் பள்ளிச் சேர்க்கைப் பதிவேடுதான்.

1994இல் மாதுரி பாட்டீல் வழக்கில், சான்றிதழ்களை ஆராய மாநிலங்கள் கூர்நோக்குக் குழு அமைக்க வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். மகாராட்டிரத்து வழக்கு அது. மகள்கள் 'மகாதேவ் கோலி' பழங்குடியினர் என்றனர். தந்தையின் பள்ளிப் பதிவிலோ 'இந்து கோலி' என்றிருந்தது. கோரிக்கை நிலைக்கவில்லை.

இதன் மறுபக்கத்தையும் எண்ணிப் பாருங்கள். காட்டுநாயக்கன் வீட்டுப் பிள்ளைக்கு நாம் 'நாயக்கர்' என்று எழுதிவிட்டால், உண்மையான பழங்குடிக் குழந்தையின் பேரனும் கோட்டாட்சியர் அலுவலகத்தில் அலைய நேரிடும்.

ஆகவே மூன்று வேண்டுகோள்கள். சான்றிதழில் உள்ளதை எழுத்து மாறாமல் எழுதுங்கள். சான்றிதழ் இல்லையெனில் பெயரையோ தெருவையோ வைத்து ஊகித்து எழுதாதீர்கள். அதற்காகச் சேர்க்கையையும் மறுக்காதீர்கள். பத்தாம் வகுப்பு வரை காத்திராமல், தொடக்கப் பள்ளியிலேயே விண்ணப்பிக்கப் பெற்றோருக்கு வழிகாட்டுங்கள்.

பொய்ச் சான்றிதழால் பெற்ற பயன் நிலைக்காது என்று 2017இல் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது. உரியவருக்கு உரியது கிடைக்கவும் நம் பதிவேடே சாட்சியாகட்டும்.