சுவாதியின் நிறம்



கேகாலை மாவட்டத்தில் புளத்கொகுபிட்டியவைச் சூழ்ந்த மலைச்சரிவுகளிலே, இறப்பர் மரங்களில் பால் வெட்டச் செல்வோர் விடியுமுன்னரே எழுந்துவிடுவர். தை மாதத்தில் அவ்வாறு எழுந்து, காலை ஐந்து மணியளவில் லயத்து வாசலில் நின்று அண்ணாந்து நோக்கினால், ஏறத்தாழ உச்சி வானத்தில் ஒளிமிக்க விண்மீன் ஒன்று தோன்றும். அதன் நிறம் பழுத்த தோடம்பழத்தின் செம்மஞ்சள். அதுவே சுவாதி. சோதி என்றும் அதனை வழங்குவர். மேனாட்டார் அதற்கு இட்ட பெயர் ஆர்க்டூரஸ்.

சுவாதியில் பிறந்தவர்கள் நம்மிடையே எத்தனையோ பேர். சாதகம் எழுதவும் பொருத்தம் பார்க்கவும் அப்பெயரை நாம் அடிக்கடி சொல்லுகிறோம். சுவாதி மழைத்துளி சிப்பியில் விழுந்தால் முத்தாகும் என்று நம் முன்னோர் கூறினர். ஆயினும், நாவினால் நன்கறிந்த அந்த விண்மீனைக் கண்ணால் கண்டறிந்தோர் சிலரே. அதனை அடையாளம் காண்பது எளிது. அதே விடியற்பொழுதில், வடக்கு வானத்தில் ஏழு முனிவர் எனப்படும் ஏழு விண்மீன்கள் ஓர் அகப்பையைப் போலத் தோன்றும். அந்த அகப்பைக் காம்பின் வளைவை அப்படியே நீட்டிச் சென்றால் சுவாதியை அடையலாம். மேலும் நீட்டினால், சற்றுத் தெற்கே சித்திரை நிற்கும். இரண்டையும் மாறி மாறிப் பாருங்கள். சித்திரை நீலம் கலந்த வெண்மை, சுவாதி செம்மஞ்சள். இந்த வேறுபாடு எதனால் ஏற்படுகிறது?

கொல்லன் உலையில் காயும் இரும்பு இதற்கு விடை கூறும். முதலில் அது மங்கிய சிவப்பாகும், பின்னர் செம்மஞ்சளாகும், மேலும் காய்ந்தால் மஞ்சளாகி, வெண்மையை நெருங்கும். விண்மீன்களின் நிறமும் அவ்வாறே அவற்றின் வெப்பத்தைக் காட்டுகிறது. சித்திரையின் மேற்பரப்பு 20,000 பாகை செல்சியசுக்கு மேற்பட்ட வெப்பம் உடையது. நம் சூரியனுடையது ஏறத்தாழ 5,500 பாகை. சுவாதியினுடையதோ 4,000 பாகை அளவினதே.

இங்கே ஓர் ஐயம் எழுதல் இயல்பு. சூரியனைவிடக் குளிர்ந்த மேற்பரப்பில் ஒவ்வொரு சதுர அடியும் சூரியனில் அதே அளவு இடம் தரும் ஒளியில் மூன்றிலொரு பங்கையே தரும். அப்படியிருக்க, சுவாதி மொத்தத்தில் சூரியனைப் போல் ஏறத்தாழ 170 மடங்கு ஒளி வீசுவது எவ்வாறு? அதன் பரப்பே காரணம். சுவாதியின் குறுக்களவு சூரியனுடையதைப் போல் 25 மடங்கு. ஆகவே அதன் மேற்பரப்பு 600 மடங்குக்கும் மேல். அடுப்பின் சூடு குறைந்தாலும், அடுப்புகள் அறுநூறு இருந்தால் வெளிச்சத்திற்குக் குறைவேது! இத்தகைய விண்மீன்களையே அறிஞர்கள் செம்மஞ்சட் பெருவிண்மீன்கள் என்கின்றனர்.

இத்துணைப் பெரிய உருவத்தில் அடங்கிய பொருளின் அளவு வியப்பூட்டுவது. ஏறக்குறைய நம் சூரியனில் உள்ள அளவே அதிலும் உண்டு. அந்தப் பொருள் 15,000 மடங்குக்கு மேற்பட்ட கன அளவில் பரந்து கிடக்கிறது. நடுவில் மிகச் செறிந்த கரு ஒன்று இருப்பினும், சராசரியாகப் பார்த்தால் சுவாதி நாம் சுவாசிக்கும் காற்றைவிடப் பத்து மடங்குக்கு மேல் அடர்த்தி குறைந்தது.

அது இவ்வாறு பருத்ததேன்? விண்மீன் ஒன்றின் நடுவில் ஐதரசன் ஈலியமாக மாறுகிறது. அம்மாற்றத்தில் பிறக்கும் ஆற்றலே ஒளியும் வெப்பமுமாக வெளிவருகிறது. நெடுங்காலத்தின் பின் நடுக்கருவில் ஐதரசன் தீர்ந்துவிடும். தாங்கும் ஆற்றல் குன்றவே, கரு தன் பாரத்தாலேயே சுருங்கும். சுருங்கச் சுருங்கச் சூடேறும். அதனைச் சுற்றியுள்ள படையில் எஞ்சியிருக்கும் ஐதரசன் முன்னிலும் கடுமையாக எரியத் தொடங்கும். தைப்பொங்கலன்று அடியில் தீ மிகுந்ததும் பானையில் பால் மேலெழுந்து பொங்குவதைப் போல, விண்மீனின் வெளிப்படைகள் விரிந்து பொங்கும். விரிந்த மேற்பரப்பு குளிரும், குளிர்ந்தபோது செம்மஞ்சளாகும். ஆகவே, இந்நிறம் விண்மீனின் முதுமைக் கோலம். சுவாதியின் வயது ஏறத்தாழ 700 கோடி ஆண்டுகள் என்று கணித்திருக்கின்றனர்.

இவ்விண்மீன்களின் இயல்பை அறிவதில் நம் அயலவர் ஒருவருக்கும் பங்குண்டு. சென்னையில் பிறந்த வைணு பாப்பு என்னும் வானியலறிஞர், ஒலின் வில்சன் என்னும் அமெரிக்க அறிஞருடன் சேர்ந்து, 1957இல் ஓர் உண்மையை வெளியிட்டார். இத்தகைய விண்மீன்களின் ஒளியைப் பிரித்துப் பார்க்கும்போது, கல்சியத்திற்குரிய இருண்ட கோட்டின் நடுவே மெல்லிய ஒளிக்கோடு ஒன்று தெரியும். அக்கோடு எவ்வளவு அகலமோ, அந்த விண்மீன் உண்மையில் அவ்வளவு பேரொளி உடையது. உண்மை ஒளியையும் கண்ணுக்குத் தோன்றும் ஒளியையும் ஒப்பிட்டால் தூரம் விளங்கும். தமிழ்நாட்டின் காவலூரில் உள்ள வானாய்வகம் இன்று அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.

சுவாதியின் தூரம் ஏறத்தாழ 37 ஒளியாண்டு. 1933இல் சிக்காகோ நகரப் பொருட்காட்சியின் விளக்குகளை, தொலைநோக்கியால் திரட்டிய இதன் ஒளியைக் கொண்டே ஏற்றினார்கள். அந்நகரின் முந்தைய பொருட்காட்சி நடந்த 1893இல் புறப்பட்ட ஒளி அது என்று அக்காலத்தில் எண்ணினர். நாம் இன்று காண்பதும் பழைய ஒளியே. அது சுவாதியை விட்டுப் புறப்பட்ட நாளில், நம் தோட்டப்புறங்களில் வாழ்ந்தோர் பலர் நாடற்றோர் என்றே எண்ணப்பட்டிருந்தனர். அவ்வொளி வந்துகொண்டிருந்த வழியிலேயே, 2003ஆம் ஆண்டுச் சட்டமும் வந்தது. அவர்கள் இந்நாட்டுக் குடிமக்களாயினர். விண்மீனுக்கு இது ஒரு கணம்; மனிதருக்கோ ஒரு தலைமுறை.

தை மாதத்தில் இன்னுமொரு சிறப்புண்டு. இரவு ஏழரை மணியளவில் உச்சிக்கருகே நிற்கும் ரோகிணியும் செம்மஞ்சட் பெருவிண்மீனே. அது ஏறத்தாழ 65 ஒளியாண்டுத் தொலைவில், சூரியனைப் போல் 40 மடங்குக்கு மேற்பட்ட குறுக்களவுடன் விளங்குகிறது. இரவின் தொடக்கத்தில் ரோகிணி; முடிவில் சுவாதி. இவ்விரண்டிற்கும் இடையே, நாம் பொங்கலிட்டு வணங்கும் சூரியன் மறைந்திருக்கிறது. அதன் எதிர்காலத்தையே இவ்விரு விண்மீன்களும் நமக்குக் காட்டி நிற்கின்றன. சூரியனுக்கு இப்போது வயது ஏறத்தாழ 460 கோடி ஆண்டு. இன்னும் 500 கோடி ஆண்டளவில் அதன் நடுக்கருவிலும் ஐதரசன் தீரும். அதுவும் பொங்கிப் பருத்துச் செம்மஞ்சளாகும். அதற்கு நெடுங்காலம் முன்னரே அதன் வெம்மை மிகுந்து, உலகம் உயிர்வாழ்வதற்கு ஒவ்வாததாகிவிடும்.

அஞ்சவேண்டா, அக்காலம் நம் எண்ணத்திற்கும் எட்டாத் தொலைவில் உள்ளது. ஆனால் பால் பொங்கும் மிதமான வெயில் இந்த உலகிற்கு என்றென்றும் உரியதன்று என்பதை அறிந்தவர்க்கு, அடுத்த தைப்பொங்கல் இன்னும் சற்றுப் பொருளுடையதாகும். அன்று அடுப்பு மூட்டுமுன், பிள்ளைகளை எழுப்பி வாசலுக்கு அழைத்து வாருங்கள். உச்சியில் நிற்கும் சுவாதியை முதலில் காட்டுங்கள். பின்னர் கிழக்கே எழும் ஞாயிற்றைக் காட்டுங்கள். முதியவரையும் இளையவரையும் ஒரே காலையில் கண்டதாகும்.