மூன்றாவது சாட்சி

 

மதம் கடந்த காதலையும் குடும்பத்தின் சம்மதத்தையும் பற்றித் தேனி மண்ணில் பேசினால், 1981இல் வந்த ‘அலைகள் ஓய்வதில்லை’ படத்தைத் தாண்டிப் போக முடியாது. இயக்கிய பாரதிராஜா அல்லிநகரத்துக்காரர். இசையமைத்த இளையராஜாவும், தயாரித்த அவர் அண்ணன் ஆர்.டி. பாஸ்கரும் பண்ணைப்புரம். கதை நடப்பது கடற்கரையில். அதிலுள்ள அச்சமும் வீம்பும் நம் ஊர்களிலும் உண்டு.

விச்சு பிராமணப் பையன். மேரி கிறிஸ்தவப் பெண். விச்சுவின் அம்மாவிடம் பாட்டுக் கற்றுக்கொள்ள வருகிறாள். கமலா காமேஷ் நடித்த அந்த அம்மா அவளை உட்காரவைத்துச் சொல்லிக்கொடுக்கிறாள். சிஷ்யையாக வாசற்படி தாண்டலாம், மருமகளாகத் தாண்டக்கூடாது. படத்தின் உயிர் இந்த இடத்தில்தான் இருக்கிறது என்பேன்.

முடிவு நீங்கள் அறிந்ததே. ஊர் திரண்டு நிற்க, அவன் பூணூலை அறுத்தெறிகிறான். அவள் சிலுவையைக் கழற்றுகிறாள். இருவரும் ஊரைவிட்டுப் போகிறார்கள். அந்தத் துணிச்சலை வணங்குகிறேன். ஆனாலும் ஒரு மனத்தாங்கல் உண்டு. ஏன் போகவேண்டும்? எதற்குக் கழற்றவேண்டும்? தமிழ்நாட்டில் 1967இல் வந்த சுயமரியாதைத் திருமணச் சட்டம் இவர்களுக்கு உதவாது. அதற்கு மணமக்கள் இருவரும் இந்துக்களாக இருக்கவேண்டும். ஆனால் 1954ஆம் ஆண்டின் சிறப்புத் திருமணச் சட்டப்படி பூணூலோடு அவனும் சிலுவையோடு அவளும் பதிந்துகொள்ளலாம்.

சிக்கல் அந்தச் சட்டம் கேட்கும் 30 நாள் அறிவிப்பில் இருக்கிறது. பெயர், வயது, முகவரியோடு திருமணப் பதிவு அலுவலகச் சுவரில் ஒட்டுவார்கள். டீக்கடைக்குச் செய்தி வர அரை நாள் போதும். மிச்ச நாள்களில்தான் பெண்ணின் கைப்பேசி பிடுங்கப்படுகிறது, அவசரமாக மாப்பிள்ளை தேடப்படுகிறது. வயது வந்த இருவர் மணக்கக் குடும்பத்தின், சமூகத்தின் சம்மதம் தேவையில்லை என்று உச்ச நீதிமன்றம் 2018இல் சக்தி வாகினி வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டது. தீர்ப்பு வீட்டுக்குள் வந்துசேரவில்லை.

நம் கம்பம் பள்ளத்தாக்கைப் பாருங்கள். வீட்டில் கன்னடம் பேசுவோர், தெலுங்கு பேசுவோர், உத்தமபாளையத்து ராவுத்தர்கள், இராயப்பன்பட்டிக் கத்தோலிக்கர்கள், குமுளி ஏறி ஏலத்தோட்டத்தில் மலையாளம் பழகியவர்கள். எல்லார் வயலுக்கும் 1895 முதல் முல்லைப்பெரியாற்றுத் தண்ணீர்தான். திராட்சைப் பந்தலில் சேர்ந்து கவாத்து செய்கிறோம். கல்யாண வீட்டு மொய் நோட்டைப் புரட்டினால் கருப்பசாமிக்குக் கீழே அந்தோணி, அந்தோணிக்குக் கீழே அப்துல் காதர். தாராளமாக எழுதியிருப்பார்கள். அதே வீட்டுப் பத்திரிகையில் மணமகன் பெயர் அந்தோணி என்று இருக்கட்டும், மொய் எழுத வந்த பாதிப் பேர் வரமாட்டார்கள்.

சிறப்புத் திருமணச் சட்டம் 3 சாட்சிகள் கேட்கிறது. பெரும்பாலும் நண்பர்களே ஓடிவந்து கையெழுத்துப் போடுகிறார்கள். பெற்றோரே, உங்களிடம் நான் கேட்பது இதுதான்: முதல் இரண்டு கையெழுத்தையும் அவர்கள் போடட்டும். மூன்றாவதை நீங்கள் போய்ப் போடுங்கள்.