விபத்து இழப்பீடும் மேல்முறையீடும்

 

சாலை விபத்தில் கை, கால் இழந்தோர், தீர்ப்பாயம் அளித்த சொற்பத் தொகையைப் பெற்றுக்கொண்டு, ‘நம் நஸீபு இவ்வளவே’ என்று ஒதுங்கிவிடுவதைக் காண்கிறோம். ஸப்ரு வேறு, ஹக்கைக் கைவிடுதல் வேறு. காயத்திற்குரிய ஈட்டுத்தொகையை ‘அர்ஷ்’ என்று நம் ஃபிக்ஹு நூல்களே பேசுகின்றனவே!

இடக்கை இழந்த எழுத்தர் வேலையில் நீடிக்கலாம். தச்சருக்கோ பிழைப்பே போயிற்று. ஆகவே ஊனத்தின் விழுக்காட்டோடு நில்லாது, இழந்த சம்பாத்தியத்தையும் கணக்கிட வேண்டுமென 2010இல் உச்ச நீதிமன்றம் விளக்கியது. அவ்வாறு கணக்கிடப்படவில்லையெனில், தீர்ப்பு நாளிலிருந்து 90 நாட்களுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய மோட்டார் வாகனச் சட்டத்தின் 173ஆம் பிரிவு இடமளிக்கிறது. கோரும் கூடுதல் தொகை ஒரு லட்சத்திற்குக் குறைவாயின் அவ்வழி இல்லை.

ஒன்று மட்டும்: இல்லாத ஊனத்திற்குச் சான்றிதழ் பெறுவது ஹராம். அத்தகைய மனுவுக்கு நாம் துணை நிற்க மாட்டோம்.